இரண்டாம் ஆசனத்து இசைமேதை

பிடிலுக்கு மூத்த சகோதரம் போன்ற வயோலா என்னும் வாத்தியத்தை நேயர்களுட் பலர் கண்டிருக்கமாட்டார்கள். உருவிற் சற்றுப் பெரியது, குரலில் தாழ்ந்தது. நால்வர் கூடி வாசிக்கும் கோஷ்டியில் முதற் பிடில் செவியைக் கவரும். செல்லோ அடியில் நின்று முழங்கும். வயோலாவோ இடைவெளியை நிரப்பும். அது ஓய்ந்தாலன்றி அதன் அருமை எவர்க்கும் புலப்படாது. அவ்வாசனத்தில் அமர்ந்திருந்தவரே எட்வார்ட் லாலோ.

1823ஆம் ஆண்டு பிரான்சின் வடபாலுள்ள லீல் நகரிற் பிறந்தார். தந்தையார் போர்வீரர். மைந்தன் பிடில் பயில்வதை அவர் தடுத்தாரல்லர். அதனையே ஜீவனோபாயமாக்க முனைந்தபோதுதான் சினந்தார். பதினாறு வயதிலே லாலோ, தந்தையின் துணையின்றிப் பாரிஸுக்குப் புறப்பட்டுவிட்டார்.

அங்கே வாசித்தும் கற்பித்தும் காலந்தள்ளினார். இசைநாடகமென்றால் உயிரை விடும் அந்நகரில் நால்வர் இசைக்கு ஆதரவு ஏது? எனினும், 1855இல் ஆர்மேங்கோ என்பார் அமைத்த கோஷ்டியிற் சேர்ந்து, முதலில் வயோலாவும் பின்னர் இரண்டாம் பிடிலும் வாசித்தார். அவர் இயற்றிய முதல் இசைநாடகமான ‘பியெஸ்க்’ ஒரு போட்டியில் மூன்றாமிடம் பெற்றது, மேடையேறவில்லை. மனிதர் சளைக்கவில்லை. அதிலிருந்த இசையை எடுத்துப் பிற்கால ஆக்கங்களிற் சேர்த்துக்கொண்டார்! வீட்டில் நல்ல பொருளை வீணாக்க மனம்வராத குடும்பஸ்தரின் செயல் இது.

1875இல் சரசாத்தே என்னும் ஸ்பானிய பிடில் வித்துவான் லாலோவின் ‘ஸ்பானிய சிம்பனி’யை வாசித்தார். ஐம்பத்திரண்டாம் வயதிற் கிட்டிய புகழ்! ‘நமூனா’ நடன நாடகத்துக்கு இசையமைக்கையிற் பாரிசவாதம் தாக்கவே, நண்பர் கூனோ எஞ்சிய வாத்திய அமைப்பை முடிக்க உதவினார். சபையோர் அதனை மதிக்கவில்லை. மட்டுமீறிக் கரகோஷம் செய்தமைக்காக ஒரு மாணவன் மாத்திரம் வெளியேற்றப்பட்டான். அவன் பெயர் டெபுஸி.

லாலோவின் மனைவியார் ஜூலி, தாழ்ந்த குரல் வளம் வாய்ந்த பாடகி. பிரித்தானிப் பகுதியைச் சேர்ந்த குடும்பத்தவர். அப்பகுதியில் வழங்கும், கடல்கொண்ட ஈஸ் நகரின் பழங்கதையையே லாலோ ‘ஈஸ் நகர மன்னன்’ என இசைநாடகமாக்கினார். அரங்கத்தார் அதனை ஏற்க மறுத்தனர், ஆண்டுகள் கழிந்தன. 1888 மே 7ஆந் திகதி அது அரங்கேறியபோது லாலோவுக்கு வயது அறுபத்தைந்து. ஓராண்டளவில் நூறு தடவை மேடையேறிற்று.

பின்னர் மற்றோர் இசைநாடகத்தைத் தொடங்கினார். முதலங்கம் முடிந்தது, 1892இல் ஆயுளும் முடிந்தது. எஞ்சிய அங்கங்களை ஆர்தர் கொக்கார் எழுதி நிறைவுசெய்தார்.