எலும்பு சொல்லும் வயது

சிறுவர் கூடைப்பந்துப் பந்தயங்களில் வயதைக் குறைத்துக் காட்டும் துர்வழக்கம் நமது தேசத்துக்குப் புதிதன்று. வயது மோசடியைத் தடுப்பதற்கென்றே 2010-ல் மத்திய சர்க்கார் தனி விதிகள் வகுக்க நேர்ந்ததென்றால், வியாதி எவ்வளவு முற்றியிருந்தது என்பதைச் சொல்ல வேண்டுவதில்லை. சர்வதேசப் பந்தயங்களில் பிறந்த வருஷமே கணக்கு. ஜனவரியில் பிறந்தவனும் டிசம்பரில் பிறந்தவனும் ஒரே பிரிவினர். அந்தப் பதினொரு மாதமே இளம் பிராயத்தில் அற்பமன்று. அதைத் தாங்கும் பிள்ளையின் எதிரே 19 வயது வாலிபனைக் கொண்டுவந்து நிறுத்தலாமா? அணியில் அவனுக்குரிய இடமும், அதன் வழியாய்க் கல்லூரியிலும் உத்தியோகத்திலும் கிடைக்கும் சலுகையும் பறிபோகின்றனவே!

சந்தேகம் எழுந்தால் மணிக்கட்டை எக்ஸ்ரே பிடித்து எலும்பின் முதிர்ச்சியைப் பார்க்கிறார்கள். இதை நாம் முற்றும் ஆட்சேபிக்கவில்லை. ஆயினும் ஒரே நாளில் பிறந்த இருவரின் எலும்புகள் ஒரே கதியில் முதிர்வதில்லை. ஓராண்டு வித்தியாசம் காண்பது சகஜம். சீக்கிரம் வளர்ந்த நிரபராதியை அப்படம் ஒன்றைக் கொண்டே பொய்யனென்பது அநீதி. பிறந்தவுடன் பதிவான சான்றே முதல் அத்தாட்சியாகட்டும்; வெகுகாலம் கழித்துப் பதிந்ததாயின் எலும்பைப் பார்க்கலாம்.

பொய்ச் சான்றைத் தயாரிப்பவன் பிள்ளையா? 2001-ல் அமெரிக்காவில் சிறுவர் பேஸ்பால் பந்தயத்தில் 14 வயதுப் பிள்ளையை 12 வயதினனாகக் காட்டியவர் அவனுடைய தகப்பனாரே. அணியின் வெற்றிகளை ரத்து செய்ததோடு, தகப்பனாரையும் அணியை நடத்தியவரையும் அவ்வமைப்பினின்று ஆயுளுக்கும் விலக்கினார்கள். இங்கும் சங்க நிர்வாகிகள் பிள்ளையைத் தண்டிக்குமுன் பயிற்சியாளரை அழைத்து விசாரிக்கட்டும்.