மறைந்த நடிகர் மீண்டும் திரையில் வந்தால், அனுமதி தர வேண்டியது யார்?

எம்.ஜி.ஆர் மறைந்தது 1987 டிசம்பரில். ஆனால் 1990-ல் அவர் இருக்கும் ஒரு புதுப்படம் தியேட்டருக்கு வந்தது. ஸ்ரீதர் இயக்கத்தில் தொடங்கி பாதியில் நின்றுபோன 'அண்ணா நீ என் தெய்வம்' படத்தின் சுருள்களை எடுத்து, அதைச் சுற்றி புதுக்கதை கட்டி 'அவசர போலீஸ் 100' ஆக்கினார் கே.பாக்யராஜ்.

இன்றைக்கு பழைய சுருளே தேவையில்லை. அங்கேதான் சிக்கல்.

மூன்றும் ஒன்றா?

இல்லை. எம்.ஜி.ஆர் விஷயத்தில் திரையில் தெரிந்தது அவரே நடித்தது. 2024-ல் வந்த 'இந்தியன் 2'-ல் விவேக், நெடுமுடி வேணு இருவரும் 2021-லேயே காலமானவர்கள். எடுத்து வைத்த காட்சிகள் போக, மிச்சத்தை கணினி வரைகலை நிரப்பியது. அதே ஆண்டு 'தி கோட்'-ல் வந்த விஜயகாந்த், ஏ.ஐ. உருவாக்கியவர். அந்தக் காட்சியில் அவர் நடிக்கவே இல்லை. குடும்பம் அனுமதி கொடுத்திருந்தது.

குரலுக்கும் இதே கதைதான். 'லால் சலாம்' பாடலில் பம்பா பாக்யா, சாகுல் ஹமீது குரல்களை ஏ.ஐ. மூலம் கொண்டுவந்த ஏ.ஆர்.ரஹ்மான், குடும்பத்தினரிடம் அனுமதி பெற்று ஊதியமும் கொடுத்ததாகச் சொன்னார்.

சட்டம் என்ன சொல்கிறது?

காட்சிக்கு பதிப்புரிமை உண்டு. அது பொதுவாக தயாரிப்பாளரிடம் இருக்கும். படம் வெளியாகி 60 ஆண்டுகளில் முடியும். முகத்துக்கு அப்படி ஒரு தனிச்சட்டம் இந்தியாவில் இல்லை. உயிரோடு இருக்கும் ரஜினிகாந்த், தன் பெயரைப் பயன்படுத்திய ஒரு இந்திப் படத்துக்கு எதிராக 2015-ல் சென்னை உயர் நீதிமன்றத்தில் தடை வாங்க முடிந்தது. ஆனால் ஜெயலலிதா வாழ்க்கைப் படம் தொடர்பான வழக்கில் 2021-ல் அதே நீதிமன்றம், ஒருவரின் அந்தரங்க உரிமை அவரோடு முடிந்துவிடும், வாரிசுக்குப் போகாது என்றது.

அப்படியென்றால் குடும்பத்திடம் கேட்பது இன்றைக்கு மரியாதை. கட்டாயமா என்றால், தெளிவில்லை.

திருவரங்குளம் பக்கத்துக்காரர்களுக்கு நன்றாகத் தெரிந்த உதாரணம், 1951-ல் மறைந்த புதுக்கோட்டை பி.யு.சின்னப்பா. அவருடைய படங்களின் பதிப்புரிமைக் காலம் எப்போதோ முடிந்துவிட்டது. அந்தக் காட்சிகளை யாரும் எடுத்தாளலாம். அதே முகத்தை வைத்து நாளைக்கு ஒருவர் நகைக்கடை விளம்பரமோ, ஓட்டு கேட்கும் வீடியோவோ செய்தால் தடுக்கப்போவது யார்?

என்ன செய்யலாம்?

அமெரிக்காவின் கலிஃபோர்னியா 2024-ல் சட்டம் போட்டது: மறைந்த கலைஞரின் டிஜிட்டல் உருவத்துக்கு உரிமையாளரின் அனுமதி வேண்டும். இங்கேயும் அது வரணும். அதுவரை மூன்று விஷயங்களை திரையுலகமே செய்யலாம். ஒப்பந்தத்திலேயே 'என் காலத்துக்குப் பிறகு சம்மதமா, இல்லையா' என்று நடிகரிடம் எழுதி வாங்கலாம். வாரிசுக்கு ஊதியம் கொடுக்கலாம். திரையில் 'இது பழைய காட்சி', 'இது ஏ.ஐ.' என்று பிரித்துப் போடலாம்.

குடும்பத்தின் சம்மதம் நல்லதுதான். ஆனால் நடிகரின் சம்மதத்துக்கு அது ஈடாகாது. எதில் நடிக்கலாம், எதில் நடிக்கக் கூடாது என்று வாழ்நாள் முழுக்க பார்த்துப் பார்த்து தேர்ந்தெடுத்தவர் அவர். அந்த 'முடியாது'க்கும் மதிப்பு இருக்க வேண்டும்.