பேசித் தருகிறோம் என்று சொல்லிக் காலாவதியாக்கும் கடன்கள்



கடன் வாங்கிவிட்டு இழுத்தடிப்பவர்களைப் பற்றி நான் எழுத வரவில்லை. அவர்களை ஊரே பேசுகிறது. நான் எழுதுவது, கொடுத்தவரைப் பார்த்து "கோர்ட்டுக்குப் போகாதீங்க, பொறுமையா இருங்க, நாங்க பேசித் தாறோம்" என்று சொல்லும் நம் பெரியவர்களைப் பற்றி. சிலருக்குக் கோபம் வரும். வரட்டும்.

எழுத்தில் செய்த ஒப்பந்தப்படி வரவேண்டிய காசுக்கு வழக்குப் போட இந்த நாட்டில் 6 வருடம்தான் அவகாசம். காசு தரவேண்டிய தேதி தவறிய நாளிலிருந்து எண்ணவேண்டும். வாய்ப்பேச்சில் கொடுத்த கடனென்றால் 3 வருடம். கடைக் கொப்பியில் எழுதிய சாமான் கடனுக்கு 1 வருடம்தான். இது நேற்று வந்த சட்டமில்லை, 1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம். சட்டத்தரணிமார் 'பிரிஸ்கிரிப்ஷன்' என்று சொல்வது இதைத்தான். நம்மவர்களோ முத்திரை ஒட்டிக் கையெழுத்து வாங்கிய தாளை அலுமாரியில் வைத்துப் பூட்டிவிட்டால் கியாமத் நாள் வரை செல்லும் என்று இருக்கிறார்கள்.

எங்கள் பகுதியில் ஒரு விதவைத் தாய். கணவர் கட்டாரில் உழைத்த காசில் 9 இலட்சத்தைக் கடை போட ஒருவருக்குக் கொடுத்தார். ஒப்பந்தம் இருக்கிறது, இரண்டு சாட்சி இருக்கிறது, 2013 கடைசியில் திருப்பித் தரவேண்டும் என்று தேதியும் இருக்கிறது. தேதி தவறியதும் ஜமாஅத்திடம் போனார். நோன்பு முடியட்டும் என்றார்கள். ஹஜ்ஜுப் பெருநாள் வியாபாரம் முடியட்டும் என்றார்கள். 2019 குண்டுவெடிப்புக்குப் பிறகு முஸ்லிம் கடைகளுக்கு ஆளே வரவில்லை, இப்போது எப்படிக் கேட்பது என்றார்கள். ஒவ்வொரு தடவையும் அந்த மனிதர் எல்லோர் முன்னாலும், "தரவேண்டியதுதான், இல்லையென்று சொல்லமாட்டேன்" என்றார். அதைக் கேட்டுச் சபையே மனம் இளகியது. 2020இல் அந்தத் தாய் வழக்குப் போட்டபோது அவர் கொடுத்த முதல் பதில்: காலம் கடந்துவிட்டது.

இந்த வாதத்தை நீதிபதி தானாக எடுப்பதில்லை. எதிராளிதான் தன் மறுமொழியில் எழுதி எழுப்பவேண்டும். பள்ளிவாசலில் "தரவேண்டியதுதான்" என்ற அதே ஆள்தான் அதில் கையெழுத்து வைத்தார்.

அத்தனை பேர் முன்னால் ஒப்புக்கொண்டாரே என்று கேட்பீர்கள். வாயால் ஒப்புக்கொண்டது காலத்தைப் புதுப்பிக்காது. கடனாளி எழுதிக் கையொப்பமிட்டிருக்கவேண்டும், அல்லது கடனில் ஒரு பகுதியைக் கட்டியிருக்கவேண்டும். அந்த ஆறு வருடத்தில் ஒரு தடவையாவது நம் பெரியவர்கள் ஒரு வெள்ளைத் தாளை நீட்டி, "இவ்வளவு தரவேண்டும் என்று எழுதி ஒப்பம் வையுங்கள்" என்று கேட்டிருந்தால் போதும். கேட்கவில்லை. கேட்டால் அவருக்கு அவமானமாம்.

குர்ஆனின் மிக நீளமான வசனமே கடனை எழுதச் சொல்கிற வசனம்தான், சூரா பகரா 282. சிறிதோ பெரிதோ எழுதச் சலிக்காதீர்கள் என்பது அதன் கருத்து. நம் பெரியவர்கள் எடுத்துக் காட்டுவதோ அதற்கு இரண்டு வசனம் முன்னால் உள்ள 280, கஷ்டத்தில் இருப்பவனுக்கு அவகாசம் கொடுப்பது. அதுவும் ஹக்தான், யார் மறுத்தது? ஆனால் கடைக்கு மேல்மாடி கட்டி, உம்ராவும் போய் வந்தவர் எந்தக் கஷ்டத்தில் இருக்கிறார்? வாடகை வீட்டில் பிள்ளைகளோடு இருக்கிற அந்தப் பெண் கஷ்டத்தில் இல்லையா?

இன்னொரு சாட்டு, கோர்ட்டுக்குப் போனால் வட்டி போட்டுத் தீர்ப்பு வரும், அது ஹராம் என்பது. முதலை மட்டும் கேட்டு வழக்குப் போடலாம். வட்டி கேட்கவேண்டும் என்று யாரும் கட்டாயப்படுத்துவதில்லை.

பேசித் தீர்ப்பது நல்லதுதான். அதற்கென்றே 1988ஆம் ஆண்டின் 72ஆம் இலக்கச் சட்டப்படி மத்தியஸ்த சபைகள் இருக்கின்றன. சிறிய தொகை என்றால் எப்படியும் முதலில் அங்கேதான் போகவேண்டும். இணக்கம் வந்தால் அது எழுத்தில் வரும். வராவிட்டால் சான்றிதழ் தருவார்கள், அதைக் கொண்டு நீதிமன்றம் போகலாம். நம் பள்ளிவாசல் பேச்சுவார்த்தையில் தேநீரைத் தவிர வேறொன்றும் கைக்கு வருவதில்லை.

நம்பிக்கையாளர் சபையினரிடம் கேட்பது ஒன்றுதான். கடன் பிணக்கு உங்களிடம் வந்தால் ஒப்பந்தத் தேதியை முதலில் பாருங்கள். தவணை கேட்பவரிடம் எழுத்து வாங்குங்கள். எழுதித் தர மறுத்தால் கொடுத்தவரைத் தடுக்காதீர்கள், அவர் சட்டப்படி போகட்டும்.

உங்கள் யாருடைய அலுமாரியிலாவது அப்படி ஒரு தாள் இருந்தால் இன்றிரவே எடுத்துத் தேதியைப் பாருங்கள். 5 வருடம் தாண்டியிருந்தால் ஜும்ஆ வரை காத்திருக்கவேண்டாம், நாளைக் காலையே ஒரு சட்டத்தரணியிடம் போங்கள்.