விளம்பரச் சித்திரங்களும் லயன் காம்பிராவும்

பழைய விளம்பரப் படங்களை வெறும் கேளிக்கையென ஒதுக்குவோர் உளர். அவர்களோடு நான் உடன்படுவதில்லை. ஒரு காலம் எவருடைய வீட்டை வீடாகக் கருதியது என்பதற்கு அவை நல்ல சாட்சியங்கள்.

ஹங்கேரியரான ஜோர்ஜ் பால், 1934-இல் நெதர்லாந்தின் ஐந்தோவனில் பிலிப்ஸ் வானொலிக்காக 'ஈதர் கப்பல்' என்ற பொம்மைப் படத்தை உருவாக்கினார். ஒரே பொம்மையை வளைத்து ஆட்டுவதல்ல அவர் முறை. ஒவ்வோர் அசைவுக்கும் தனித்தனியே செதுக்கிய மரத்துண்டுகளை மாற்றி மாற்றி வைத்துப் படம்பிடிப்பார். பின்னர் அமெரிக்கா சென்ற அவருக்கு, இந்தக் கலைக்காக 1944-இல் சிறப்பு ஒஸ்கார் விருது கிடைத்தது.

இவ்வகைப் படங்களில் பொருள்கள் தாமாகவே நடமாடுகின்றன. மின்கம்பி தெரியாது, விலை தெரியாது, உழைக்கும் கையும் தெரியாது. என் விமர்சனம் இங்கேதான் தொடங்குகிறது.

கண்டியை எடுத்துக்கொள்வோம். 1944-இல் மவுண்ட்பேட்டனின் தென்கிழக்காசியக் கட்டளைத் தலைமையகம் பேராதனைக்கு வந்தது. அதன் படையினருக்காகக் கொழும்பில் இயங்கிய வானொலி 1949-இல் இலங்கை அரசிடம் கையளிக்கப்பட்டது. அதன் வழிவந்த இலங்கை வானொலியைத் தமிழகமும் காதுகொடுத்துக் கேட்டது. பின்னாளில் டிரான்சிஸ்டர் வந்ததும் தோட்டத்து லயன்களிலும் அக்குரல் ஒலித்தது. காரணம் எளிது: அதற்கு மின்கம்பி வேண்டியதில்லை, பற்றரி போதும்.

கம்பி வேண்டிய பொருள்களின் கதை வேறு. கண்டிக்கு அருகே 210 மெகாவாட் திறனுள்ள விக்டோரியா மின்நிலையம் 1985-இல் திறக்கப்பட்டது. அக்காலத்தில் செய்தி சேகரிக்கச் சென்ற நான், சுற்றிலுமிருந்த லயன்களில் மண்ணெண்ணெய் விளக்குகளையே கண்டேன். மலையைக் கொத்திப் பசுமையாக்கியவர்களின் வாசலை மின்சாரம் மிகத் தாமதமாகவே தட்டியது. 1948-இல் பறிக்கப்பட்ட குடியுரிமையும் அப்படித்தான். எஞ்சியோருக்கு அதை வழங்கும் சட்டம் 2003-இலேதான் வந்தது. நாட்டின் கணக்கில் இல்லாதவர் கடைக்காரரின் கணக்கில் எங்ஙனம் வருவார்?

இன்று லயன்களில் தொலைக்காட்சி உண்டு. ஆயினும் நாள்முழுதும் கொழுந்து பறித்து வரும் பெண்கள் பலர் விறகடுப்பையே ஊதுகின்றனர். சலவை இயந்திரம் அவர்களுக்கு இன்னும் திரையில் ஆடும் பொம்மையே.

எனவே, இந்தப் படங்களைப் பேணுங்கள். பேராதனை மாணவர்களுக்கும் காட்டுங்கள். ஆனால் திரை அணைந்ததும் ஒரு கேள்வி கேளுங்கள்: இந்த வீட்டில் யார் இல்லை? தொழினுட்பத்தின் வரலாறு அந்த விடையிலிருந்தே எழுதப்பட வேண்டும்.