பெயரையும் தைத்து வையுங்கள்

விக்டோரியா மகாராணி காலத்துத் தையல் மாதிரிகளை இப்போது இளம் பிள்ளைகள் தேடித் தேடித் தைக்கிறார்கள். ரோசாப்பூ வளையம், கிளி, ஓரமெல்லாம் கொடி ஓடும் எழுத்து வரிசை என்று நூற்றைம்பது வருடப் பழைய படங்கள் கைத்தொலைபேசியிலேயே கிடைக்கின்றன. நமது வாலிபரிலும் சிலர் இதில் இறங்கியிருக்கிறார்கள். “இது வெள்ளைக்காரரின் பழைய பொழுதுபோக்கு, எங்களுக்கு ஏன்?” என்று கேட்கும் பெற்றோரும் இருக்கிறார்கள். இது எங்களுடைய வேலையும்தான் என்பது என் எண்ணம். ஆனால் அப்படி உரிமை பாராட்டினால், அதோடு ஒரு கடமையும் வந்து சேரும்.

இந்த மாதிரிகள் ஏன் இவ்வளவு பிடிக்கின்றன? அக்காலத்தில் பரவிய ‘பெர்லின் வேலை’ என்ற கம்பளி நூல் தையலுக்குக் கட்டம் போட்ட தாளில் அச்சடித்து, கையால் நிறம் தீட்டிய படங்கள் விற்கப்பட்டன. ஜேர்மனியில் தொடங்கிய அவை 1830களில் லண்டன் கடைகளை நிரப்பின. ஒரு கட்டத்துக்கு ஒரு தையல். வரையத் தெரியத் தேவையில்லை, எண்ணத் தெரிந்தால் போதும். 1856இல் வில்லியம் பேர்கின் என்ற 18 வயது மாணவன் மலேரியாவுக்குக் குயினைன் மருந்தைச் செய்யப் போய், தற்செயலாக ஊதாச் சாயத்தைக் கண்டுபிடித்தான். அதன் பிறகு நூல்களுக்குக் கண்ணைப் பறிக்கும் நிறங்கள் வந்தன.

கட்டத் தாளுக்கு மொழி இல்லை என்பதே எனக்குப் பெரிதாகத் தெரிகிறது. மில்லிக்கனில் எத்தனையோ வீடுகளில் அம்மம்மாவுக்கு ஆங்கிலம் வராது, பேத்திக்குத் தமிழ் தடக்கும். ஒரே சோபாவில் இருந்தாலும் ஆளுக்கொரு திரை. அவர்களுக்கு நடுவில் ஒரு குறுக்குத் தையல் படத்தை வையுங்கள். “நாலு எண்ணு, பிறகு சிவப்பு” என்று சொல்ல இருவரிடமும் உள்ள சொற்கள் போதும். 1824இல் ஹரியற் வின்ஸ்லோ அம்மையார் உடுவிலில் தொடங்கிய பெண்கள் பள்ளியில் வாசிப்பு, எழுத்து, கணக்கோடு தையலும் பாடமாக இருந்தது. அந்தக் கைவேலையை அம்மம்மாமார் பலர் இன்றும் கையில் வைத்திருக்கிறார்கள். தாதியாக ஒன்று சொல்கிறேன்: மறதி நோய் வரும்போது பெயர்களும் முகங்களும் முன்னே போனாலும், கை பழகிய வேலை பெரும்பாலும் இன்னும் கொஞ்சக் காலம் தங்கி நிற்கும்.

ஆனால் அழகை மட்டும் பேசினால் பாதிக் கதைதான். எங்கள் தொழிலுக்குத் தாய் போன்ற புளோரன்ஸ் நைட்டிங்கேலுக்கு வரவேற்பறைத் தையல் பிடிக்கவே இல்லை. கிரிமியப் போருக்குப் போகுமுன் எழுதத் தொடங்கிய ‘கசாண்ட்ரா’ என்ற கட்டுரையில், படித்த பெண்களின் நாட்கள் கம்பளி நூலிலேயே வீணாவதைக் கண்டு கொதிக்கிறார். ஆண்கள் காலை வேளையில் மேசையைச் சுற்றியிருந்து இதையே செய்தால் சிரிக்கமாட்டோமா என்று கேட்கிறார். வசதியான வீட்டுப் பெண்ணுக்கு அந்த ஊசி ஒரு கூண்டாக இருந்தது.

அதே நூற்றாண்டில் நாகர்கோவிலில் அதே ஊசியும் நூலும் வேறு வேலை செய்தன. லண்டன் மிஷனைச் சேர்ந்த மார்த்தா மால்ட் அம்மையார் 1820களில் தமது பள்ளிப் பெண்பிள்ளைகளுக்கு ரேந்தை பின்னக் கற்றுக்கொடுத்தார். திண்டின்மேல் துளையிட்ட மாதிரித் தாளை வைத்து, ஊசிகள் குத்தி, நூல் சுற்றிய சிறு கட்டைகளை மாற்றி மாற்றிப் போட்டுப் பின்னும் நுட்பமான வேலை அது. அந்தப் பிள்ளைகளில் அடிமைகளாகப் பிறந்தவர்களும் இருந்தார்கள். ரேந்தை விற்ற பணத்தில் சிலர் தங்கள் விடுதலையை வாங்கினார்கள். திருவிதாங்கூரில் அடிமைமுறை ஒழிந்தது 1855இல்தான். மால்ட் அம்மையாரின் மகள் எலைசா, 1844இல் கால்டுவெல் ஐயரைத் திருமணம் செய்து, இந்த வேலையை இடையன்குடிக்குக் கொண்டுபோனார். அக்காலத் திருவிதாங்கூரில் தோளை மூடக் குப்பாயம் போட்டதற்கே நாடார் பெண்கள் அடிபட்டார்கள். குப்பாயம் அணியலாம் என்ற உரிமை அவர்கள் எல்லாருக்கும் 1859இல்தான் அரசாணையாக வந்தது.

ஆகவே ஊசி தன்னாலே நல்லதும் இல்லை, கெட்டதும் இல்லை. யார் தைக்கச் சொன்னார், கூலி யார் கைக்குப் போனது, தைத்தவர் பெயர் எங்கே என்பவைதான் கேள்விகள்.

கடைசிக் கேள்விதான் என்னை உறுத்துகிறது. மால்ட், கால்டுவெல் என்ற பெயர்கள் நமக்குத் தெரியும். பின்னிய பிள்ளைகளின் பெயர்களை அந்த ரேந்தை நமக்குச் சொல்லவில்லை. இங்கிலாந்துச் சிறுமிகளோ தங்கள் எழுத்துத் துணிகளில் பெயர், வயது, ஆண்டு எல்லாம் தைத்து முடிப்பது வழக்கம். லண்டன் விக்டோரியா அல்பேட் அருங்காட்சியகத்தில் எலிசபெத் பாக்கர் என்ற வேலைக்காரப் பெண் 1830 அளவில் தைத்த துணி இருக்கிறது. தன் எசமானிடம் பட்ட கொடுமையையும் தன் மனவேதனையையும் சிவப்பு நூலால் வரி வரியாகத் தைத்து, ஒரு வசனத்தின் நடுவிலேயே நிறுத்திவிட்டாள். பிறந்த ஊரையும் 1813 என்ற ஆண்டையும் அதில் தைத்ததால் அவள் இன்றும் நமக்கு ஒரு மனுஷியாகத் தெரிகிறாள்.

நமது வீடுகளில் என்ன நடக்கிறது? தலையணை உறையும் மேசை விரிப்பும் கொழும்பு வழியாகப் பெட்டியில் வந்தன. சில வீடுகளில் இடப்பெயர்வில் மிஞ்சியது அவை மட்டுமே. அம்மம்மா காலமான பின், வீடு மாறும்போது அவை பழைய துணிப் பைக்குள் போகின்றன. யார் தைத்தது என்று கேட்டால் “ஊரிலே ஆரோ” என்பதுதான் பதில். நாகர்கோவில் பிள்ளைகளின் பெயர்கள் விடுபட்டதைக் குறை சொல்லும் நாமே, நம்முடைய பெண்களையும் பெயரில்லாமல் போகவிடுகிறோம்.

வாலிப ஐக்கியத்துக்கு என் யோசனை இது. ஒரு சனிக்கிழமை பிற்பகல் சபை மண்டபத்தில் இந்தத் துணிகளை எல்லாம் கொண்டுவரச் சொல்லுங்கள். முன்புறம், பின்புறம் இரண்டையும் படம் எடுங்கள். கைத்திறமை பின்புறத்தில்தான் தெரியும். தைத்தவரின் பெயர், ஊர், படித்த பள்ளி, ஆண்டு ஆகியவற்றைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுதுங்கள். பிறகு அம்மம்மாவை அருகில் இருத்தி ஒரு தையலாவது படியுங்கள். பொடியன்மார் விலகி நிற்க வேண்டாம்: ஆசரிப்புக் கூடாரத்துக்குச் சித்திரத் தையல் செய்த அகோலியாப் ஓர் ஆண்தான்.

விக்டோரியா காலத்துப் படத்தைத் தைக்கிறீர்களா, தாராளமாகத் தையுங்கள். முடிக்கும்போது மூலையில் உங்கள் பெயரையும் ஆண்டையும், கற்றுத்தந்தவரின் பெயரையும் சேர்த்துத் தைத்து வையுங்கள். யோப்பா பட்டணத்து விதவைகள் பேதுருவிடம் உடைகளைக் காட்டி அழுதபோது, அவை தொற்காள் செய்தவை என்று சொல்ல அவர்களுக்குத் தெரிந்திருந்தது. நம் பேரப்பிள்ளைகளுக்கும் அது தெரிய வேண்டும்.