கேலிக்குச் சிரித்த சமையற்கலை அம்மையார்

தொலைக்காட்சியில் சமையல் கற்றுத்தருவோரின் கையில் வெங்காயம் கருகுவதில்லை, உப்புக் கூடுவதில்லை. அதைப் பார்த்துவிட்டு நம் அடுக்களைக்குள் நுழைந்தால்தான் நமக்கு மனம் சோர்ந்துவிடுகிறது, இல்லையா?

ஆனால், தம் தவறையும் மறைக்காமல் காட்டிய ஒருவர் இருந்தார். அமெரிக்காவின் பாஸ்டன் நகரத் தொலைக்காட்சியில் 1963 முதல் பிரெஞ்சுச் சமையலைக் கற்பித்த ஜூலியா சைல்டு அம்மையார்தாம் அவர். ஒருமுறை உருளைக்கிழங்கு அடையைத் தூக்கிப்போட்டுத் திருப்பும்போது அதில் ஒரு பகுதி அடுப்பின்மேல் சிதறி விழுந்தது. தாம் துணிந்து திருப்பாததே காரணம் என்று ஒப்புக்கொண்ட அவர், விழுந்ததை அள்ளிச் சட்டியில் சேர்த்தார். அடுக்களையில் தனியாக இருக்கும்போது யார் பார்க்கப் போகிறார்கள் என்றும் கேட்டார்! நாளடைவில் ஊரார் அந்த அடையை, தரையில் விழுந்த முழுக் கோழியாகவே ஆக்கிவிட்டார்கள்.

இத்தகையவரை நகைச்சுவையாளர்கள் விட்டுவைப்பார்களா? 1978 டிசம்பர் 9 அன்று 'சாட்டர்டே நைட் லைவ்' நிகழ்ச்சியில் டான் அய்க்ராய்ட் என்னும் நடிகர் அம்மையாரைப் போல் வேடமிட்டு வந்தார். கோழியை அறுக்கும்போது கத்தி கையில் இறங்குகிறது. குருதி பீறிட்டுப் பாய்கிறது. அவரோ அம்மையாரின் ஏற்ற இறக்கக் குரலில், கோழியின் ஈரலை எறிந்துவிடாதீர்கள் என்று பாடம் நடத்திக்கொண்டே மயங்கிச் சாய்கிறார்!

அதே ஆண்டில் அம்மையார் உண்மையாகவே கத்தியால் கையை வெட்டிக்கொண்டிருந்தார். ஆறாத காயத்தில் கோலிட்டது போன்றதுதானே இது? அவரோ சினம் கொள்ளவில்லை. அந்தக் காட்சியின் ஒளிநாடாவை வீட்டில் வைத்திருந்து, நண்பர்களுக்குப் போட்டுக்காட்டி மகிழ்ந்தார். தம் பிழையைத் தாமே முதலில் சொல்லிவிட்டவரைப் பிறர் கேலி எப்படிச் சுடும்?

ஆயினும், சகோதரர்களுக்கும் ஒரு சொல். அம்மையார் சிரித்தார் என்பதற்காக எல்லாரும் சிரித்துவிடுவார்கள் என்று எண்ணிவிடாதீர்கள். நெய்ச்சோறு குழைந்துபோன நாளில், சஹனைச் சுற்றி விருந்தினர் அமர்ந்திருக்க, நீங்கள் வீசும் ஒரு கேலிச் சொல், காலையிலிருந்து புகையில் நின்றவளைக் கதவுக்குப் பின்னால் கண்கலங்க வைக்கலாம். அவள் தானாகச் சொல்லிச் சிரிக்கட்டும். அப்போது நீங்களும் சேர்ந்து சிரியுங்கள். அதுவரை, குழைந்த சோற்றையும் இன்முகத்துடன் உண்டு எழுங்கள்!