உலாப் படகு ஓடுகிறது. உழைப்பாளி தோணி எங்கே?

தோழர்களே! முட்டுக்காட்டில் 1984 முதல் உல்லாசப் படகுகள் ஓடுகின்றன, படகுத்தொழில் வளர்ந்ததாம்! மகிழ்ச்சி. ஆனால் அந்த உப்பங்கழிக்கு வடக்கே, நாவலூருக்குக் கிழக்கே கிடக்கும் பக்கிங்காம் கால்வாயைக் கண்டதுண்டா?

விறகும் உப்பும் ஏற்றிய தோணிகள் அதன் வழியே அன்று சென்னை சென்றன. 1877-78 பஞ்சத்தில் பட்டினி கிடந்தோர் கூலிக்கு வெட்டி, கூவத்தையும் அடையாற்றையும் இணைத்த கால்வாய் அது! 2008இல் தேசிய நீர்வழி என்றனர். அறிவிப்பு மிதக்கிறது; சரக்குத் தோணி மிதக்கவில்லை!

உலாவுக்கு ஆழம் உண்டு. உழைப்புக்கு ஆழம் இல்லையா? 2015இல் வெள்ளம் வடிய வழியின்றிப் புறநகர் தவித்ததை மறப்போமா?

ஆள்வோரைக் கேளுங்கள்: முதலில் கால்வாயைத் தூரெடுங்கள்! ஏழையின் தோணி ஓடும் அன்றே, படகுத்தொழில் வளர்ந்தது என்போம்!